டாலிகஞ்சில் உருப்பெற்ற தமிழ் உரையாடல்

கார்டன் ரீச்சில் வாழும் நாம் டாலிகஞ்சுப் பக்கம் பன்முறை சென்று வந்திருக்கிறோம். அங்கே ஈஸ்ட் இந்தியா பிலிம் கம்பெனியின் படநிலையத்தில், தமிழ்ப் பேசும்படத்தின் உரைநடையையே திருப்பிவிட்ட படமொன்று உருவாயிற்று என்பதை நம் இல்லத்துச் சிறுவர் அறியார். 1937-இல் வெளிவந்த ‘அம்பிகாபதி’யே அது. அதற்கு உரையாடல் வரைந்தவர் இளங்கோவன்.

சென்னையில் பேசும்பட நிலையம் தோன்றியது 1934-இல்தான். அதனால் அக்காலத்துத் தென்னாட்டுப் படமுதலாளிகள் பலரும் தம் பரிவாரத்தை ரயிலேற்றிக்கொண்டு பம்பாய்க்கோ கல்கத்தாவுக்கோ புறப்பட்டனர். பிழைப்புத் தேடி நம்மவர் வந்த அதே வழியில் தமிழ்ப் படமும் வங்கம் வந்தது எனலாம்.

இளங்கோவனின் இயற்பெயர் தணிகாசலம். ‘மணிக்கொடி’ எழுத்தாளர் குழாத்தைச் சேர்ந்தவர். அந்நாளைய படங்களில் பாட்டே மலிந்திருந்தது. இடையிடையே நாடகமேடையின் மணிப்பிரவாளப் பேச்சு வந்துபோகும். ‘அம்பிகாபதி’யை இயக்கிய எல்லிஸ் ஆர். டங்கனோ அமெரிக்கர், தமிழ் அறியாதவர். கம்பர் மகனும் சோழன் மகள் அமராவதியும் கொண்ட காதலுக்கு, ‘ரோமியோ ஜூலியட்’ நாடகத்தின் மாடக் காட்சியைத் துணையாகக் கொண்டார் அவர். அதனை அப்படியே மொழிபெயர்த்திருந்தால் அவையோர் நகைத்திருப்பர். சோழநாட்டுப் பெண்ணின் வாய்க்கு ஏற்ற சொல்லைத் தேடும் பொறுப்பு முழுவதும் எழுத்தாளர்மீதே வீழ்ந்தது. காட்சி சரியா என்று இயக்குநர் பார்க்கலாம். மொழி சரியா என்று பார்க்க அவரால் இயலாதன்றோ? இளங்கோவன் இலக்கிய மணமும் பேச்சின் ஓட்டமும் கலந்த நடையொன்றைக் கண்டார். எம். கே. தியாகராஜ பாகவதரின் இசைக்காக வந்த கூட்டம் வசனத்துக்கும் செவிசாய்த்தது. படம் பெருவெற்றி கண்டது.

ஜெர்மனியில் ஊமைப்படக் காலத்திலேயே கார்ல் மாயர் போன்ற திரைக்கதையாசிரியர் புகழெய்தினர். நம்மிடையே எழுத்தாளருக்கென்று ஓரிடம் கிடைத்தது இளங்கோவனுக்குப் பிறகே என்பது என் துணிபு. ‘அசோக்குமார்’ (1941), ‘கண்ணகி’ (1942), ‘சிவகவி’ (1943) என அவர் எழுத்து தொடர்ந்தது. 1944-இல் வந்த ‘ஹரிதாஸ்’ சென்னை பிராட்வே அரங்கில் மூன்று தீபாவளிகளைக் கண்டது. ‘கண்ணகி’யில் பி. கண்ணாம்பா பேசிய வசனமோ தனிப்புகழ் பெற்றது. அவர் தெலுங்கைத் தாய்மொழியாகக் கொண்டவர் என்பதை இங்கு நினைத்துப் பார்த்தல் தகும். 1952-இல் ‘பராசக்தி’ வசனத்தை நாடு முழங்கியபோது, அதற்கான செவி முன்னரே பழக்கப்பட்டிருந்தது.

பாகவதரின் பாட்டுகள் நம் இல்லங்களில் இன்றும் ஒலிக்கின்றன. இளங்கோவன் பெயரைச் சொன்னால் நம் முதியோரும் சற்றுத் தயங்கியே தலையசைக்கின்றனர்.