காற்றால் வடிவம் பெற்ற போர்க்கலம்: தொடக்ககால நீர்மூழ்கிகள் (1900–1918)

நீர்மூழ்கிக் கப்பலின் வரலாற்றை எழுதப் புகுவோர் பெரும்பாலும் டார்பிடோவைப் பற்றியோ, அது மூழ்கடித்த கப்பல்களைப் பற்றியோ பேசித் தொடங்குவது வழக்கம். இருபதாம் நூற்றாண்டின் முதல் இருபது ஆண்டுகளில் கட்டப்பட்ட நீர்மூழ்கிகளைக் கூர்ந்து பார்த்தால், அவற்றின் வடிவத்தையும் வாழ்வையும் சாவையும் முடிவு செய்தது காற்றே என்பது புலப்படும். எஞ்சினுக்குக் காற்று வேண்டும், மாலுமிக்கும் காற்று வேண்டும். கலம் மூழ்கும் கணத்தில் இருவருக்கும் அது அடைபட்டுப் போகும். இந்த ஒரு சிக்கலோடு அந்தத் தலைமுறைப் பொறியாளர்களும் மாலுமிகளும் நடத்திய போராட்டமே இக்கட்டுரையின் பொருள்.

பெட்ரோலும் வெள்ளெலியும்

அயர்லாந்தில் பிறந்து, பள்ளி ஆசிரியராக இருந்து, அமெரிக்காவில் குடியேறியவர் ஜான் ஃபிலிப் ஹாலண்ட். அவர் வடிவமைத்த கலம் 1897இல் நியூ ஜெர்சியில் நீரில் இறக்கப்பட்டது. 1900 ஏப்ரல் 11 அன்று அமெரிக்கக் கடற்படை அதை விலைக்கு வாங்கியது. ஏறத்தாழ 16 மீட்டர் நீளமே கொண்ட அந்தச் சிறு கலத்தில் ஹாலண்ட் செய்த ஏற்பாடு அடுத்த அரை நூற்றாண்டுக்கு நிலைத்தது. நீர்மட்டத்தில் ஓட ஓர் எண்ணெய் எஞ்சின். மூழ்கியபின் ஓட பேட்டரியும் மின் மோட்டாரும். மேலே ஓடும்போது எஞ்சினே பேட்டரிக்கு மின்னேற்றம் செய்துகொள்ளும். மின் மோட்டாருக்குக் காற்று தேவையில்லை என்பதால் கலம் நீருக்கடியிலும் நகர முடிந்தது. ஆனால், பேட்டரி தீர்ந்தால் மேலே வந்தே ஆகவேண்டும்.

இவ்வடிவத்தைப் பல நாடுகள் வாங்கிக்கொண்டன. பிரிட்டனின் முதல் ஹாலண்ட் நீர்மூழ்கி 1901இல் பாரோ நகரின் விக்கர்ஸ் தளத்தில் கட்டி இறக்கப்பட்டது. அதன் எஞ்சின் பெட்ரோலில் ஓடியது. மூடிய இரும்புக் கூட்டுக்குள் பெட்ரோல் ஆவி பரவினால் சிறு மின்பொறியே பெருவெடிப்பாகிவிடும். வெடிக்காவிட்டாலும் மயக்கிக் கொல்லும். ஆகவே அக்கலங்களில் வெள்ளெலிகளைக் கூண்டிலிட்டு வைத்திருந்தார்கள். எலி துவண்டால் காற்று கெட்டுவிட்டது என்று பொருள். பிரெஞ்சுக்காரர்கள் 1904இலேயே ‘எக்ரெட்’ என்னும் நீர்மூழ்கியில் டீசல் எஞ்சினைப் பொருத்தினார்கள். எளிதில் ஆவியாகாத டீசல் எண்ணெய் மாலுமிகளின் உயிருக்குப் பாதுகாப்பாக இருந்தது. ஆயினும் நம்பத்தக்க டீசல் எஞ்சின் எல்லாக் கடற்படைகளுக்கும் கிடைக்க மேலும் சில ஆண்டுகள் ஆயின.

சகுமாவின் கடிதம்

அந்த இடைக்காலத்தில்தான் ஜப்பானின் ஆறாம் எண் நீர்மூழ்கி மூழ்கியது. கோபே நகரின் கவாசாகி தளத்தில் 1906இல் கட்டி முடிக்கப்பட்ட அது, 57 டன் எடையுள்ள சிறு கலம். ஹாலண்ட் வடிவத்தைத் திருத்திச் செய்தது. 1910 ஏப்ரல் 15 அன்று ஹிரோஷிமா விரிகுடாவில் பயிற்சிக்குச் சென்றபோது கலத்தில் 14 பேர் இருந்தார்கள். தலைவர் லெப்டினன்ட் சகுமா சுதோமுவுக்கு வயது 30.

பயிற்சி என்னவென்றால், கலத்தை நீர்மட்டத்திற்குச் சற்றுக் கீழே அமிழ்த்தி, காற்றுக்குழாயை மட்டும் வெளியே நீட்டி, பெட்ரோல் எஞ்சினிலேயே ஓட்டுவது. பேட்டரியைச் செலவழிக்காமல் மறைந்து செல்லும் முயற்சி அது. கலம் வேண்டிய அளவைவிட ஆழமாக அமிழ்ந்தது. காற்றுக்குழாய் வழியே கடல்நீர் புகுந்தது. அதை அடைக்கும் வால்வை இயக்கும் சங்கிலி செயலிழந்தது. கையால் இழுத்து மூடுவதற்குள் பின்பகுதி நிறைந்துவிட்டது. மின்பலகை நனைந்து விளக்குகள் அணைந்தன. கலம் பின்புறம் சாய்ந்து தரையில் அமர்ந்தது.

கட்டளைக் கோபுரத்தின் சிறு கண்ணாடிச் சாளரம் வழியே கசிந்த வெளிச்சத்தில் சகுமா பென்சிலால் குறிப்பேட்டில் எழுதத் தொடங்கினார். கலத்தை இழந்ததற்கும் மாலுமிகள் சாவதற்கும் முதலில் மன்னிப்புக் கோருகிறார். மாலுமிகள் அனைவரும் கடைசிவரை அமைதியாகக் கடமை செய்ததைப் பதிகிறார். அடுத்து, விபத்தின் காரணங்களை வரிசைப்படுத்துகிறார்: சங்கிலி செயலிழந்தது, நீர் புகுந்த வேகம், மின்தடை, கெட்ட ஆவி, கைப்பம்பால் நீரை வெளியேற்ற முயன்ற முறை. இந்த விபத்தைக் காரணம் காட்டி நீர்மூழ்கி ஆராய்ச்சியைக் கைவிட்டுவிடக் கூடாது என்று வேண்டுகிறார். தம் மாலுமிகளின் குடும்பங்கள் வறுமையில் விழாதபடி காக்கப்பட வேண்டும் என்று பேரரசரிடம் விண்ணப்பிக்கிறார். மூச்சுத் திணறுவதையும் பெட்ரோல் ஆவி மயக்குவதையும் எழுதுகிறார். பகல் 12 மணி 40 நிமிடம் என்ற குறிப்போடு எழுத்து நின்றுபோகிறது.

கலத்தைத் தூக்கித் திறந்தபோது மாலுமிகள் அவரவர் பணியிடத்திலேயே இறந்து கிடந்தார்கள். இருவர் மட்டும் இடம் மாறியிருந்தார்கள். உடைந்த பெட்ரோல் குழாயைச் சீர்செய்ய அவர்கள் அங்கே சென்றிருந்தனர்.

ஒரே நாளில் இரண்டு செய்திகள்

1914 செப்டம்பர் 22ஆம் தேதியைச் சென்னை நெடுங்காலம் மறக்கவில்லை. அன்று இரவு ‘எம்டன்’ என்ற ஜெர்மானியப் போர்க்கப்பல் துறைமுகத்தின் எண்ணெய்த் தொட்டிகளைச் சுட்டு எரித்தது. அதே நாள் காலையில் வடகடலில் நடந்தது கடற்போரின் போக்கையே மாற்றிவிட்டது. ஓட்டோ வெட்டிகன் தலைமையிலான ஜெர்மானிய யூ-9 நீர்மூழ்கி அபூக்கர், ஹோக், கிரெஸ்ஸி என்னும் மூன்று பிரிட்டிஷ் கப்பல்களை ஒன்றரை மணி நேரத்திற்குள் மூழ்கடித்தது. 1,459 பேர் மாண்டார்கள். முதல் கப்பல் கண்ணிவெடியில் சிக்கியதாக எண்ணி மற்ற இரண்டும் உதவிக்கு நெருங்கி நின்றதே பேரிழப்புக்குக் காரணம்.

யூ-9 மண்ணெண்ணெய் எஞ்சினில் ஓடிய கலம். அந்த எஞ்சின் தொலைவிலிருந்தே தெரியும்படி புகை கக்கும். முந்தைய இரவில் புயலுக்கு அஞ்சிக் கடல் தரையில் தங்கியிருந்த அது, காற்றை மாற்றவும் பேட்டரிக்கு மின்னேற்றவும் விடியலில் மேலே வந்தபோதுதான் பாய்மரங்களைக் கண்டு மூழ்கியது. டார்பிடோ வெளியேறியதும் முன்பகுதி எடை குறைந்து மேலெழும். கலம் காட்டிக் கொடுக்கப்பட்டுவிடும். அதைச் சமன் செய்ய மாலுமிகளே முன்னும் பின்னும் ஓடி எடையாக நின்றார்கள். நீருக்கடியில் டார்பிடோக் குழாய்களை மறுபடி நிரப்பினார்கள். சண்டை முடிந்தபோது பேட்டரி தீரும் நிலை. அன்றைய வெற்றி, இருந்த காற்றும் மின்சாரமும் தீருமுன் கிடைத்த வெற்றி.

மூடப்படாத காற்றுவழிகள்

காற்றை மறந்து வடிவமைத்தால் என்ன ஆகும் என்பதற்குப் பிரிட்டனின் கே-வகை சான்று. படையணிக் கப்பல்களோடு 24 நாட் வேகத்தில் ஓடவேண்டும் என்று கடற்படை கேட்டது. அன்றைய டீசல் எஞ்சினால் அந்த வேகத்தைத் தர இயலவில்லை. ஆகவே நீர்மூழ்கிக்குள் நீராவிக் கொதிகலனைப் பொருத்தினார்கள். மடக்கக்கூடிய புகைபோக்கிகளும் கொதிகலனுக்குப் பெரிய காற்றுவழிகளும் வைத்தார்கள். மூழ்குமுன் இவை அத்தனையையும் மூடியாக வேண்டும்.

1917 ஜனவரி 29 அன்று ஸ்காட்லாந்தின் கேர்லாக் நீர்நிலையில் கே-13 சோதனை ஓட்டத்தில் மூழ்கியது. கொதிகலன் அறையின் காற்றுவழிகள் திறந்தே இருந்தன. பின்பகுதி நிறைந்து கலம் தரையில் அமர்ந்தது. மூழ்குவீரர்கள் இறங்கிக் காற்றுக் குழாயைப் பொருத்தி உள்ளிருந்தோருக்கு மூச்சு ஊட்டினார்கள். முன்பகுதியை நீர்மட்டத்திற்கு உயர்த்தித் துளையிட்டு, 57 மணி நேரத்திற்குப்பின் உள்ளே உயிரோடிருந்தோரை வெளியேற்றினார்கள். மொத்தம் 48 பேர் பிழைத்தார்கள். 32 பேர் இறந்தார்கள்.

எஞ்சிய பாடம்

1930களில் டச்சுக் கடற்படை அதிகாரி விஹர்ஸ், மூழ்கியவாறே டீசல் எஞ்சினுக்குக் காற்றிழுக்கும் குழாயை உருவாக்கினார். ஜெர்மானியர் இரண்டாம் உலகப்போரில் அதை ‘ஷ்னார்கல்’ என்ற பெயரில் பரவலாகப் பயன்படுத்தினார்கள். அலை மூடியதும் குழாயின் தலைப்பில் உள்ள மிதவை வால்வு தானே அடைத்துக்கொள்ளும். 1910இல் சகுமாவின் கலம் முயன்றதும் இதே வகை ஓட்டம். அங்கே அந்தத் தானியங்கி வால்வு இல்லை. 1955 ஜனவரியில் அணுசக்தியில் ஓடத் தொடங்கிய ‘நாட்டிலஸ்’ நீர்மூழ்கிதான் எஞ்சினுக்குக் காற்று வேண்டும் என்ற தேவையையே நீக்கியது.

போருக்கு முந்தைய ஜப்பான் சகுமாவின் கடிதத்தைப் பள்ளி நீதிநூல்களில் சேர்த்து, கடமைக்கும் அரச பக்திக்கும் எடுத்துக்காட்டாக்கியது. அந்தச் சிறப்பு அதற்கு உண்டு. ஆனால், அதை எழுதியவர் தம் கடைசி மணித்துளிகளின் பெரும்பகுதியைச் செலவிட்டது சங்கிலி, வால்வு, மின்பலகை, பம்பு ஆகியவற்றை விளக்குவதற்கு. அடுத்த கலம் கட்டுபவருக்கு எதையும் மறைக்காமல் சொல்வதற்கு. தம் தவறையும் கருவியின் குறையையும் ஒரே நேர்மையோடு பதிந்த அந்த ஏடு, நீதி வகுப்புக்கு உரியது போலவே பொறியியல் வகுப்புக்கும் உரியது. கலம் கட்டுவோரும் செலுத்துவோரும் அதைத் தொழில்நூலாகப் படிப்பதே அந்த 14 பேருக்கும் செய்யத்தக்க மரியாதை.