கணக்கேட்டில் ஏறாத செலவுகள்: திருப்பூர்ப் பின்னலாடைத் தொழிலில் பொருளியல்

ஒரு பனியன் கம்பெனியின் கணக்கேட்டைப் புரட்டினால் நூல் விலை, சாயக்கூலி, தையற்கூலி, மின்கட்டணம், வங்கி வட்டி எல்லாம் வரிசையாக நிற்கும். பணம் கைமாறிய செலவு ஒன்றுகூட விடுபட்டிருக்காது. ஆனால் பணம் கைமாறாத செலவுகளும் உண்டு. நிறுவனங்கள் நிமிர்வதும் சரிவதும் பல வேளைகளில் அவற்றால்தான். அத்தகைய செலவுகளைக் கண்டறிந்து, அளந்து, முடிவெடுக்குமுன் கணக்கில் சேர்க்கக் கற்றுத் தருவதே பொருளியல் தொழில் நிர்வாகத்துக்குச் செய்யும் தலையாய உதவி. 1951இல் ஜோயல் டீன் வெளியிட்ட ‘மேனேஜீரியல் எகனாமிக்ஸ்’ நூல் நிர்வாகப் பொருளியல் என்னும் துறைக்குத் தனி வடிவம் தந்தது. அதன் கோட்பாடுகள் நடைமுறையில் எப்படிப் பயன்படுகின்றன என்பதற்குத் திருப்பூர் நல்ல சான்று.

சொந்த முதலுக்கும் விலை உண்டு

ஓர் எடுத்துக்காட்டு. ஒருவர் சொந்தப் பணம் 2 கோடி ரூபாயைப் போட்டு, சொந்தக் கட்டடத்தில் தொழில் நடத்துகிறார். ஆண்டு முடிவில் ஏடு 18 லட்சம் லாபம் காட்டுகிறது. அதே பணத்தை 7 சதவீத வட்டிக்கு வைப்பில் போட்டிருந்தால் 14 லட்சம் வந்திருக்கும். கட்டடத்தை வாடகைக்கு விட்டிருந்தால் 6 லட்சம். அவருடைய உழைப்புக்கு ஒரு ரூபாய்கூடப் போடாமலேயே 2 லட்சம் துண்டு விழுகிறது. கைவிட்ட மாற்று வழியின் வருவாயைத்தான் பொருளியல் ‘வாய்ப்புச் செலவு’ என்கிறது. இதனால் அவர் தொழிலை மூடிவிட வேண்டும் என்பதில்லை. வரும் ஆண்டுகளில் வருவாய் உயருமா, எந்த வழியில் உயரும் என்ற கேள்விக்கு அவர் விடை வைத்திருக்க வேண்டும்.

விலை பேசும் நேரம்

ஆர்டர் குறைந்த ஒரு மாதம். ஒரு டி-சர்ட்டின் அடக்கவிலை 180 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். இதில் துணி, சாயம், தையல், பேக்கிங் சேர்ந்து 140; உருப்படி ஒன்று கூடினால் ஏறும் இதுவே ‘கூடுதல் செலவு’. வாடகை, அலுவலகச் சம்பளம், எந்திரத் தேய்மானம் ஆகிய நிலைச்செலவின் பங்கு 40. 10,000 உருப்படிக்கு 160 ரூபாய் வீதம் ஓர் ஆர்டர் வருகிறது. ஏட்டின்படி உருப்படிக்கு 20 ரூபாய் நட்டம். ஆனால் அந்த 40 ரூபாய், ஆர்டரை ஏற்றாலும் மறுத்தாலும் செலவாகியே தீரும். ஏற்றால் உருப்படிக்கு 20 ரூபாய் வீதம் 2 லட்சம் ரூபாய் நிலைச்செலவைத் தாங்கக் கிடைக்கும். ஆகவே ஏற்பதே சரி.

இந்த விதிக்கு மூன்று எல்லைகள் உண்டு: எந்திரம் சும்மா கிடக்க வேண்டும், வழக்கமாக வாங்கும் பையர் அந்த விலையைக் காட்டிப் பேரம் பேசும் நிலை வரக்கூடாது, ஆண்டு முழுவதும் இதே விலைக்கு ஓட்டக்கூடாது. நெடுங்காலத்தில் நிலைச்செலவும் விலையிலிருந்தே ஈடாக வேண்டும். இந்த எல்லைகளை மறந்து கூடுதல் செலவை மட்டும் பார்த்து விலை சொல்வோர், தங்கள் லாபத்தை மட்டுமல்லாமல் ஊரின் விலையையே இறக்கிவிடுகிறார்கள்.

எதை நாமே செய்வது, எதை வெளியே கொடுப்பது

சந்தையில் எல்லாவற்றையும் வாங்க முடியும் என்றால் நிறுவனம் எதற்கு? ரொனால்டு கோஸ் 1937இல் எழுப்பிய இந்த எளிய கேள்வி பொருளியலின் போக்கையே மாற்றியது. 1991இல் அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது. ஆள் தேடுவது, பேரம் பேசுவது, தரம் சோதிப்பது, சொன்ன தேதியில் சரக்கு வரவைப்பது என்று சந்தையைப் பயன்படுத்தவும் செலவாகிறது. அச்செலவு மிகும்போது வேலையை நிறுவனத்துக்குள் கொண்டுவருகிறோம். குறையும்போது வெளியே கொடுக்கிறோம்.

நிட்டிங், சாயம், காம்பாக்டிங், பிரிண்டிங், எம்ப்ராய்டரி, காஜா பட்டன் என ஒவ்வொரு வேலைக்கும் தனித்தனிப் பட்டறைகள் இயங்கும் திருப்பூரின் ஜாப் ஒர்க் முறை இதற்குச் சரியான சான்று. பட்டறைகள் அருகருகே இருப்பதும், முதலாளிகள் ஒருவரையொருவர் அறிந்திருப்பதும் அந்தச் செலவைக் குறைக்கின்றன. ஒரே தொழில் ஓரிடத்தில் குவிவதால் வரும் இந்த நன்மையை ஆல்ஃபிரட் மார்ஷல் 1890லேயே விளக்கியிருந்தார். அதேவேளை, ஒரு நாள் தாமதமானாலும் சரக்கைக் கப்பலுக்குப் பதில் விமானத்தில் அனுப்ப நேரும் ஏற்றுமதியாளருக்கு, சாயத்தையும் தையலையும் தன் கையில் வைத்திருப்பதே சிக்கனமாகலாம். ஜாப் ஒர்க் கூலியையும் சொந்த உற்பத்திச் செலவையும் மட்டும் ஒப்பிட்டால் இந்த முடிவு பிழையாகிவிடும்.

காலத்தின் விலை

30 நாளில் வரவேண்டிய பணம் 90 நாளில் வந்தால் என்ன இழப்பு? ஆண்டு வட்டி 12 சதவீதமானால், 200 ரூபாய் உருப்படிக்கு அந்த 60 நாளின் விலை சுமார் 4 ரூபாய். லாபம் 10 ரூபாய் என்றால் அதில் ஐந்தில் இரண்டு பங்கு போய்விட்டது. வெளிநாட்டு பையரின் தாமதத்தை ஏற்றுமதியாளர் தாங்குகிறார். பின்பு அதைத் தையல் பட்டறைக்குத் தள்ளிவிடுகிறார். கடன் வாங்கும் வலிமை மிகக் குறைந்தவரிடம், மிக உயர்ந்த வட்டி கட்டுபவரிடம், சுமை போய்ச் சேர்கிறது. இது அறத்துக்கும் ஒவ்வாது, பொருளியலுக்கும் ஒவ்வாது.

குறு, சிறு நிறுவனங்களுக்கான தொகையை அதிகபட்சம் 45 நாளுக்குள் கொடுக்கவேண்டும் என்கிறது 2006ஆம் ஆண்டுச் சட்டம். தவறினால் வங்கி விகிதத்தைப்போல் மூன்று மடங்கு வட்டி, மாதந்தோறும் கூட்டு வட்டியாகச் சேரும். 2023-24 நிதியாண்டு முதல், கெடு தாண்டிய பாக்கியை உண்மையில் கொடுத்த ஆண்டில் மட்டுமே வருமான வரிக்கான செலவாகக் கழிக்க முடியும் என்ற விதியும் சேர்ந்தது. ஏட்டில் ஏறாதிருந்த காலத்தின் விலையைச் சட்டம் ஏட்டில் ஏற்றிவிட்டது.

இடரின் விலை

2007இன் தொடக்கத்தில் டாலர் 44 ரூபாயை ஒட்டி இருந்தது. ஆண்டு முடிவதற்குள் 40க்குக் கீழே இறங்கியது. ஏற்றுமதியாளரின் வருமானம் சுருங்கியது. அந்த அச்சத்தில் பலர், வரவிருக்கும் டாலருக்கு முன்கூட்டியே விலை உறுதிசெய்யும் முன்பேர ஒப்பந்தத்தோடு நில்லாமல், யென், சுவிஸ் ஃபிராங்க் முதலிய நாணயங்களோடு பிணைந்த சிக்கலான ஒப்பந்தங்களில் கையெழுத்திட்டனர். 2008இன் இறுதியில் டாலர் 50 ரூபாயைத் தாண்டியபோது, மகிழ வேண்டிய திருப்பூரில் அந்த ஒப்பந்தங்களால் பலர் கடனாளியாயினர். ஒப்பந்தங்களை விற்றதில் விதிமீறல் கண்ட ரிசர்வ் வங்கி, 2011இல் 19 வங்கிகளுக்கு அபராதம் விதித்தது.

இருக்கும் இடரைக் குறைப்பது காப்பு. இல்லாத இடரை விலைக்கு வாங்குவது பந்தயம். கையெழுத்திடுமுன் நிர்வாகி கேட்கவேண்டியது, ‘எவ்வளவு கிடைக்கும்?’ என்பதல்ல, ‘நிலைமை தலைகீழானால் என் முதல் மிஞ்சுமா?’ என்பதே. வரப்போகும் ஆக்கத்தை நம்பி இருக்கும் முதலை இழக்கும் செயலில் அறிவுடையார் இறங்கமாட்டார் என்று தெரிந்துசெயல்வகை அதிகாரத்தில் வள்ளுவர் எச்சரிப்பதும் இதைத்தான்.

ஆறு கொடுத்த விலை

சாயப்பட்டறைகள் நொய்யல் ஆற்றில் விட்ட கழிவுநீருக்கு யாரும் ரசீது எழுதவில்லை. அதனால் சாயக்கூலி மலிவாகத் தெரிந்தது. உண்மையில் அந்தச் செலவை ஒரத்துப்பாளையம் அணைக்குக் கீழிருந்த உழவர்கள் உப்பேறிய கிணறுகளாலும் பட்டுப்போன பயிர்களாலும் கட்டிக்கொண்டிருந்தனர். ஒருவர் ஆதாயத்தின் செலவு அதற்குத் தொடர்பில்லாதவர் தலையில் விழுவதை ஆர்தர் பிகு 1920லேயே ஆராய்ந்து, அதைச் செய்தவரே ஏற்கவைக்க வரி விதிக்கலாம் என்றார். திருப்பூரில் அந்த வேலையை நீதிமன்றம் செய்தது. 2011 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்ற ஆணையால் 700க்கும் மேற்பட்ட சாய, சலவைப் பட்டறைகள் மூடப்பட்டன. ஒரு சொட்டுக் கழிவும் வெளியேறாத சுத்திகரிப்பு கட்டாயமாயிற்று. தண்ணீரையும் உப்பையும் மீட்டு மீண்டும் பயன்படுத்தும் முறை அதன் பின்னரே ஊன்றியது. பிறர்மேல் சுமத்திய செலவு என்றாவது ஒருநாள் வட்டியோடு திரும்பும் என்பது திருப்பூர் பெருவிலை கொடுத்துப் பெற்ற பாடம்.

வணிகவியல் மாணவர்கள் இக்கோட்பாடுகளைத் தேர்வுக்காகப் படிக்கிறார்கள். முதலாளிகள் இவற்றின் விளைவுகளைப் பட்டு உணர்கிறார்கள். இடையிலுள்ள தூரத்தைக் குறைப்பது கல்லூரிகளின் கடமை. சிறு பட்டறைகளுக்கு மாணவர்களை அனுப்பி, அடக்கவிலையையும் வரவுக் காலத்தையும் முதலாளியோடு சேர்ந்து கணக்கிடச் செய்யலாம். தொழில் அமைப்புகள் அதற்கு வாசல் திறக்கலாம். வாய்ப்புச் செலவும் கூடுதல் செலவும் பெரிய நிறுவனங்களின் நிதி அதிகாரிகளுக்கு மட்டும் உரியவை அல்ல. பத்துத் தையல் எந்திரங்களை நம்பி வாழும் குடும்பத்துக்குத்தான் இந்த அறிவு முதலில் தேவை. ஒரு தவறான முடிவைத் தாங்கும் சேமிப்பு அதனிடம் இல்லை.