ஃபூமியோ ஹயசாகா

ஃபூமியோ ஹயசாகா (ஆகஸ்ட் 19, 1914 – அக்டோபர் 15, 1955) ஒரு ஜப்பானிய இசையமைப்பாளர். அகிரா குரோசாவா, கென்ஜி மிசோகுச்சி ஆகிய இயக்குநர்களின் புகழ்பெற்ற திரைப்படங்களுக்கு இசையமைத்தவர். காட்சியின் உணர்ச்சியை இசை அப்படியே எதிரொலிக்க வேண்டியதில்லை, அதற்கு முரணாகவும் ஒலிக்கலாம் என்பதை ஜப்பானியத் திரையில் நிலைநாட்டியவர்களுள் ஒருவர்.

இளமை

செண்டாய் நகரில் பிறந்த ஹயசாகா, ஹொக்கைடோ தீவின் சப்போரோவில் வளர்ந்தார். வறுமையால் முறையான இசைக்கல்வி கிட்டாததால், பெரும்பாலும் தாமாகவே இசை பயின்றார். பின்னாளில் காட்ஜில்லா (1954) படத்துக்கு இசையமைத்த அகிரா இஃபுகூபே இவரது இளமைக்கால நண்பர். 1939இல் டோக்கியோ சென்ற ஹயசாகா தோஹோ படநிறுவனத்தில் சேர்ந்தார். ஜப்பானிய அரசவை இசையான ககாகுவின் தாக்கத்தை இவரது இசைக்குழுப் படைப்புகளில் காணலாம்.

குரோசாவாவுடன்

இருவரும் முதலில் இணைந்த படம் குடிகாரத் தேவதை (1948). தன் தந்தை இறந்த நாளில், துயரத்துடன் தெருவில் நடந்தபோது கேட்ட குதூகலமான 'குயில் வால்ட்ஸ்' இசை குரோசாவாவின் நினைவில் தங்கியிருந்தது. செல்வாக்கை இழந்த நாயகன் சந்தையில் தளர்ந்து நடக்கும் காட்சியில் அதே இசை பயன்படுத்தப்பட்டது. மகிழ்ச்சியான மெட்டு அவனது தனிமையை மேலும் கூர்மையாக்கியது.

1951இல் வெனிஸ் விழாவில் தங்கச் சிங்கம் விருது பெற்ற ரஷோமோன் (1950) படத்தில் பொலேரோ தாளத்தைப் பயன்படுத்தினார். அது ராவெலின் படைப்பை நினைவூட்டுவதாக மேலைநாடுகளில் குறைகூறப்பட்டது. ஏழு சாமுராய்கள் (1954) படத்தில் சாமுராய்களுக்குத் தனி இசைக்கருவை அமைத்தார். ஆனால் இறுதி மழைப்போரில் பின்னணி இசையே இல்லை. மழை, குதிரைக் குளம்பொலி போன்ற காட்சியின் இயல்பான ஒலிகளே கேட்கின்றன.

இதே காலத்தில் மிசோகுச்சியின் உகெட்சு (1953), சன்ஷோ தயூ (1954) ஆகிய படங்களில் ஜப்பானிய மரபிசைக்கு நெருக்கமான பாணியைக் கையாண்டார்.

மறைவும் தாக்கமும்

ஹயசாகா காசநோயால் நெடுங்காலம் துன்புற்றார். மரண அச்சுறுத்தலுக்கிடையே ஒருவர் எவ்வாறு பணியாற்ற முடியும் என்று அவர் குரோசாவாவிடம் பேசியதே, அணுகுண்டு அச்சத்தைச் சித்தரிக்கும் அச்சத்தில் வாழ்கிறேன் (1955) படத்துக்கு வித்தானது. அப்படம் முடிவதற்குள், தம் 41ஆவது வயதில் அவர் காலமானார். எஞ்சிய இசைப்பணியை அவருடைய மாணவர் மசாரு சாட்டோ நிறைவுசெய்து, தொடர்ந்து ஒரு பத்தாண்டு காலம் குரோசாவாவின் இசையமைப்பாளராக விளங்கினார். ஹயசாகாவிடம் உதவியாளராக இருந்த டோரு டக்கெமிட்சு, அவர் நினைவாக 1957இல் நரம்பிசைக் கருவிகளுக்கான இரங்கலிசையைப் படைத்தார். பின்னர் குரோசாவாவின் ரான் (1985) படத்துக்கும் இசையமைத்தார்.