சட்டத்தின் பெயரும் எலும்பின் பெயரும்

அமெரிக்க மாநிலங்கள் தமக்கென ஒரு பறவையையும் மலரையும் மரத்தையும் சட்டத்தின்வழி அடையாளங்களாக அறிவித்திருப்பதை நாம் அறிவோம். அவ்வரிசையில் புதைபடிவங்களும் டைனோசர்களும்கூட இடம்பெற்றுள்ளன. நாள்தோறும் காணும் பறவையை எதுவென ஐயுறுவார் இலர். மண்ணிலிருந்து அகழ்ந்தெடுத்த எலும்போ ஆய்வு வளருந்தோறும் பெயர் மாறக்கூடியது. மாறும் ஒன்றை மாறா அடையாளமாக்கினால் என்ன நேரும்? டெக்சாஸ் மாநிலத்தின் வரலாறு இதற்கு விடை தருகிறது.

1997இல் டெக்சாஸ், 'புளூரோசீலஸ்' என்னும் நீள்கழுத்துத் தாவர உண்ணியைத் தன் மாநில டைனோசராக ஏற்றது. அப்பெயரோ, மேரிலாந்தில் கிடைத்த எலும்புகளுக்கு மார்ஷ் என்னும் அறிஞர் 1888இல் இட்டது. ஒப்புமை கருதி டெக்சாஸ் எலும்புகளையும் அப்பெயராலேயே வழங்கிவந்தனர். 2007இல் பீட்டர் ரோஸ் என்ற ஆய்வாளர் அவை வேறோர் இனத்தவை எனக் காட்டி, 'பாலக்சிசாரஸ்' எனப் பெயரிட்டார். பாலக்சி என்பது அம்மண்ணின் ஊர்ப்பெயர்; ஆற்றின் பெயரும் அதுவே. 2009இல் சட்டமன்றம் பழைய பெயரை நீக்கிப் புதிய பெயரை ஏற்றது. இரவல் பெயர் போய்ச் சொந்தப் பெயர் வந்தது.

அம்மகிழ்ச்சி நெடுநாள் நீடிக்கவில்லை. அண்டை மாநிலமான ஓக்லஹோமாவில் 1994இல் கிடைத்த கழுத்தெலும்புகளைக் கொண்டு 2000இல் 'சாரோபோசைடன்' என்ற இனம் நிறுவப்பட்டிருந்தது. பாலக்சிசாரஸும் அதுவும் ஒன்றே என்று 2012இல் மைக்கேல் டி'எமிக் வாதிட்டார். ஒரே உயிருக்கு இரு பெயர் இருப்பின் முந்தையதே நிற்கும் என்பது பெயரீட்டு விதி. அவ்வாறாயின், டெக்சாஸின் பெருமிதம் அண்டை வீட்டார் இட்ட பெயருக்குள் அடங்கிவிடுகிறது.

ஓக்லஹோமாவின் நிலையும் வேறன்று. 'பல்லியுண்ணிகளின் தலைவன்' எனப் பொருள்படும் 'சாரோஃபகானக்ஸ்' 2000இல் அதன் மாநிலப் புதைபடிவமாயிற்று. அப்பெயருக்கு அடிப்படையான எலும்பு ஊனுண்ணியுடையதாக இல்லாமல், நீள்கழுத்துத் தாவர உண்ணியுடையதாகவே இருக்கக்கூடும் என்று 2024இல் வெளிவந்த ஆய்வொன்று கூறுகிறது.

இவற்றை நகைப்புக்குரியனவாக நாம் கொள்ள வேண்டியதில்லை. பாலக்சி ஆற்றுப் படுகையில் 11 கோடி ஆண்டுகளுக்கு முற்பட்ட காலடித் தடங்கள் இன்றும் உள்ளன. அவற்றைப் பதித்த விலங்குக்கு நாம் இடும் பெயர் எதுவாயினும் தடம் மாறுவதில்லை. ஒரு நிலத்தின் பெருமை அத்தொன்மையில் இருக்கிறதேயன்றிப் பெயர்ப்பலகையில் இல்லை. அவ்வகையில், 1997இல் செய்த அறிவிப்பைவிட 2009இல் செய்த திருத்தமே நம் மதிப்புக்குரியது. தான் எழுதியதைச் சான்றின் முன் அடித்தெழுத ஒரு சட்டமன்றம் முன்வருவது எளிதில் காணக்கூடியதா என்ன?