சப்பாத்தும் கப்பலும்

ஒரு திரைப்படம் எடுக்கப்படும்போது அதைச் சுற்றி இன்னொரு படமும் நடந்துகொண்டிருக்கிறது. சுமப்பவர், சமைப்பவர், கூலிக்குக் காத்திருப்பவர் எல்லோரும் அதில்தான் இருக்கிறார்கள். அந்தப் பக்கம் கமெராவைத் திருப்பியவர்களில் முக்கியமானவர் அமெரிக்கரான லெஸ் பிளாங்க் (1935–2013).

அறுபதுகளில் கம்பெனிகளுக்குத் தொழிற்றுறைப் படங்கள் எடுத்துக் கொடுத்துச் சீவித்தவர் இவர். 1967இல் ‘ஃபிளவர் ஃபில்ம்ஸ்’ என்ற சிறு நிறுவனத்தைத் தொடங்கினார். கறுப்பின புளூஸ் பாடகர்கள், லூசியானாக் கிராமத்தவர், அவர்களது அடுப்படிகள் என்று அவர் கமெரா அலைந்தது. குழுவில் ஓரிருவர்தான். விநியோகமும் அவரே. 1980இல் உள்ளியைப் பற்றியே ஒரு படம் எடுத்தார். அதைத் திரையிடும்போது அரங்கின் பின்புறத்தில் உள்ளியை வாட்டி வாசனை பரவவிடுவதுண்டு. குசினியில் நாள் முழுக்க உள்ளி உரிக்கிற எனக்கு இது வெறும் வேடிக்கையாகத் தெரியவில்லை.

யேர்மன் நெறியாளர் வேர்னர் ஹெர்சோக், எரோல் மொரிஸ் தன் முதற்படத்தை முடித்தால் தன் சப்பாத்தைத் தின்பதாகச் சொல்லியிருந்தார். மொரிஸ் முடித்தார். 1979இல் பேர்க்லி நகரில், உள்ளியும் மூலிகைகளும் சேர்த்து ஐந்து மணித்தியாலம் அவித்த சப்பாத்தை ஹெர்சோக் மேடையில் தின்றார். பிளாங்க் அதை இருபது நிமிடப் படமாக்கினார்.

பிறகு ஹெர்சோக் பெரு நாட்டின் அமேசன் காட்டில் ‘ஃபிற்ஸ்கரால்டோ’ படத்தை எடுத்தபோது பிளாங்கும் போனார். ஒலிப்பதிவுக்கு மொரீன் கொஸ்லிங், படத்தொகுப்பும் அவரே. படத்தில் 320 தொன் கப்பலொன்றை மலைமேல் இழுத்து மறுபக்கம் இறக்கவேண்டும். நிஜத்தில் அப்படிச் செய்த றப்பர் வியாபாரியோ, அதைவிட மிகச் சிறிய கப்பலைக் கழற்றித்தான் கொண்டுபோனார். ஹெர்சோக் கழற்றச் சம்மதிக்கவில்லை. ஆபத்தென்று எச்சரித்த பொறியியலாளர் விலகிப் போனார். முதலில் நடித்த ஜேசன் றொபார்ட்ஸ் நோயால் வெளியேற, எடுத்த பகுதி வீணாயிற்று.

பிளாங்க் நண்பரின் பிடிவாதத்தை மறைக்கவில்லை, கேலி செய்யவும் இல்லை. கப்பலை இழுத்த பழங்குடி மக்களின் முகாம், அவர்கள் மரவள்ளியில் காய்ச்சும் மது, அவர்களின் பயம் யாவற்றையும் பொறுமையாக எடுத்தார். 1982இல் கான் விழாவில் சிறந்த நெறியாளர் விருது ஹெர்சோக்குக்குக் கிடைத்தது. அதே ஆண்டு வந்த பிளாங்கின் விவரணப்படத்தின் பெயர் ‘கனவுகளின் சுமை’. கனவு ஒருவருடையது, சுமை யாருடையது என்று அந்தப் படம் இன்றும் கேட்டுக்கொண்டிருக்கிறது.

இந்த நேர்மைக்கு விலையும் இருந்தது. பாடகர் லியோன் றசல் பற்றி 1972 தொடக்கம் 1974 வரை அவர் எடுத்த படத்தை வெளியிட றசல் சம்மதிக்கவில்லை. நாற்பது வருடங்களின் பின், 2015இல், மகனின் முயற்சியால் அது வெளிவந்தது. பார்க்கப் பிளாங்க் இருக்கவில்லை.

எங்கள் விழாக்களிலும் கமெராக்கள் ஓடுகின்றன. மேடையில் நிற்பவரை எல்லாக் கோணத்திலும் எடுக்கிறோம். பின்னால் நின்று தேத்தண்ணி ஊற்றியவரை எவரும் எடுப்பதில்லை.