தெமள மகா சேயா வரை

பொலன்னறுவையை முழுக்க நடந்து பார்ப்பது கஷ்டம். காரில் பார்க்கவே கூடாது. ஏரிக்கரையை ஒட்டித் தெற்கு வடக்காகக் கிலோமீட்டர் கணக்கில் நீண்டு கிடக்கிற நகரம் அது. நடந்தால் பதினொரு மணி வெயில் ஆளைச் சாய்த்துவிடும். காரில் போனால் ஏசியிலிருந்து இறங்கி, படம் எடுத்து, மறுபடி ஏசிக்குள் ஏறி, ஒரு இடிபாட்டுக்கும் அடுத்த இடிபாட்டுக்கும் நடுவில் என்ன இருந்தது என்றே தெரியாமல் திரும்பிவிடுவோம். இந்த ஊரில் அந்த 'நடுவில்'தான் விஷயம் இருக்கிறது என்பது என் கட்சி. அதனால் சைக்கிள்.

இலங்கையின் எழுத்துத் தமிழில் சைக்கிளுக்குப் பெயர் துவிச்சக்கரவண்டி. பேச்சில் அங்கேயும் சைக்கிள்தான். எங்களைக் கூட்டிப்போன வழிகாட்டி சிங்களவர், ஐம்பதைத் தாண்டியவர். மன்னம்பிட்டிப் பக்கம் தமிழர்களோடு வளர்ந்ததால் தமிழ் சரளமாக வந்தது. என்னை 'மல்லி' என்று கூப்பிட்டார். கொத்தமல்லி இல்லை, சிங்களத்தில் மல்லி என்றால் தம்பி. வயதில் பெரியவராச்சே என்று நான் 'ஐயா' போட்டதும் சிரித்துவிட்டார். சிங்களத்தில் 'அய்யா' என்றால் அண்ணனாம். மரியாதைக்குச் சொன்ன சொல்லில் உறவே முடிந்துபோனது.

மொத்தம் நான்கு சைக்கிள். நானும் சென்னையிலிருந்து வந்த நண்பனும், மட்டக்களப்பில் வரலாறு கற்பிக்கும் ஒரு டீச்சரும், முன்னால் வழிகாட்டியும். கிளம்பும்போதே ஒன்று நடந்தது. நண்பன் புலிச் சின்னம் போட்ட டீ-ஷர்ட்டில் வந்திருந்தான். பொன்னியின் செல்வன் படம் வந்த சமயத்தில் வாங்கியது. உட்கார்ந்திருக்கும் புலி, சோழ முத்திரை. டீச்சர் அவனைத் தனியே கூப்பிட்டு மெதுவாக, "தம்பி, அந்தச் சட்டைய மாத்திட்டு வாங்க" என்றார். அவனுக்குப் புரியவே இல்லை. "சோழர் புலிங்க டீச்சர்" என்றான். "ஓம், எனக்கு விளங்குது. எல்லாருக்கும் விளங்காது" என்றார். மாற்றிக்கொண்டு வந்தான்.

முதலில் ஏரிக்கரை. பராக்கிரம சமுத்திரம் என்று பெயர். பொய் இல்லை, அக்கரை கண்ணுக்குத் தெரியாத அளவுக்குத் தண்ணீர். கரையின் நீளம் சுமார் 14 கிலோமீட்டர். 12ஆம் நூற்றாண்டில் முதலாம் பராக்கிரமபாகு ஏற்கெனவே இருந்த பழைய குளங்களைச் சேர்த்துப் பெரிதாக்கி, அம்பன் கங்கையிலிருந்து கால்வாய் வழியாக நீர் கொண்டுவந்தான். ஆனால் இந்த ஊரைத் தலைநகராக்கியது அவன் இல்லை. சோழர்கள்.

993 வாக்கில் ராஜராஜனின் படை வட இலங்கைக்குள் வந்தது. ஆயிரம் ஆண்டுக்கு மேல் தலைநகராக இருந்த அனுராதபுரம் வீழ்ந்தது. சோழர்கள் அங்கே உட்காராமல் தென்கிழக்கே தள்ளி இங்கே வந்தார்கள். காரணத்தை சைக்கிளை நிறுத்தி, கையை நீட்டியே காட்டிவிடலாம். கிழக்கே மகாவலி. அதன் துறைகளைத் தாண்டினால் தெற்கில் உரோகணம், சிங்கள அரசர்கள் ஒதுங்கிப் படை திரட்டும் நாடு. அந்தத் துறைகளைக் காவல் காக்க அனுராதபுரத்தைவிட இது வசதி. அதோடு மகாவலி திருகோணமலைக்கு அருகே கடலில் சேர்கிறது. ஊருக்கு ஜனநாதமங்கலம் என்று பெயர் வைத்தார்கள். 1017இல் ராஜேந்திரனின் படை அரசன் ஐந்தாம் மகிந்தனையே பிடித்து சோழ நாட்டுக்குக் கொண்டுபோனது. பன்னிரண்டு வருடம் கழித்து அவன் அங்கேயே இறந்தான்.

நண்பனுக்கு இங்கே கொஞ்சம் சங்கடம். கல்கியின் அருள்மொழிவர்மன் ஈழத்தில் இடிந்த விகாரைகளைப் பழுதுபார்க்கச் சொல்பவன், கொடுத்த சிம்மாசனத்தையும் மறுப்பவன். நாவல் அவன் பட்டத்துக்கு வருவதற்கு முன்பே முடிந்துவிடுகிறது. வரலாற்று அருள்மொழி ராஜராஜனான பிறகு நடந்ததுதான் மேலே சொன்னது. சோழர்கள் தாதுகோபுரங்களை உடைத்துப் பொன்னையும் பொருளையும் அள்ளிப் போனார்கள் என்று சூளவம்சம் அழுகிறது. ராஜேந்திரனின் மெய்க்கீர்த்தியோ ஈழத்து அரசன் முடியையும், அவன் தேவியர் முடியையும், முன்பு பாண்டியன் அங்கே விட்டுவைத்திருந்த முடியையும் கொண்டுவந்ததாகப் பெருமைப்படுகிறது. தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டில் ஈழத்து ஊர்களிலிருந்து வரவேண்டிய நெல்லும் காசும்கூடக் கணக்காக இருக்கிறது. கொள்ளை நடந்ததா என்பதில் இரு தரப்புக்கும் தகராறே இல்லை. அதைச் சொல்லும் குரலில்தான் வித்தியாசம்.

வழிகாட்டி இதையெல்லாம் நிதானமாக, யாரையும் குத்தாமல் சொன்னார். "எல்லா நாட்டு ஆக்களுக்கும் ஒரே கதைதானா சொல்வீங்க?" என்று டீச்சர் கேட்டார். "கதை ஒண்டுதான் டீச்சர். எங்க நிறுத்தி மூச்சு வாங்கிறது எண்டதுதான் மாறும்" என்றார்.

அரண்மனை, கொலுமண்டபம், குமாரப் பொய்கை எல்லாவற்றையும் வேகமாகத் தாண்டினோம். நல்ல இடங்கள்தான், கொலுமண்டபத்தின் அடித்தளத்தில் வரிசையாகச் செதுக்கிய யானைகளில் ஒன்றுபோல் இன்னொன்று இல்லை. ஆனால் எல்லா வழிகாட்டி நூல்களிலும் அவை விரிவாகவே இருக்கின்றன.

நான் பார்க்க வந்தது அடுத்த மேட்டில் இருந்தது. பழைய புத்தப் பல் ஆலயங்கள் நெருக்கியடித்து நிற்கும் முற்றம் அது. வட்டதாகேயைச் சுற்றிக் கூட்டம். இருபத்தைந்து டன் எடையுள்ள 'கல் புத்தக'த்தின் முன்னால் அதைவிடக் கூட்டம். நிசங்கமல்லன் தன் புகழைத் தானே வெட்டிவைத்த கல் அது. ஒன்பது ஆண்டு மட்டும் ஆண்ட மனிதன் இவ்வளவு கல்வெட்டு வெட்டியிருக்கிறான் என்றால், அந்த அலுப்பில்லாத ஆர்வத்தை இன்றைய அரசியல்வாதிகள் பொறாமையோடுதான் பார்க்க வேண்டும். அட்டதாகே பக்கம் நிற்கும் ஒரு பலகைக்கல்லைத்தான் யாரும் கண்டுகொள்ளவில்லை. அதில் இருப்பது தமிழ்.

அதுதான் வேளைக்காரர் கல்வெட்டு. 'வேலை' இல்லை, 'வேளை'. அரசனுக்கு நெருக்கடியான வேளை வந்தால் உயிரைக் கொடுப்போம் என்று சபதம் செய்த படையினர் என்று பொருள் சொல்வார்கள். சோழர்களை 1070இல் விரட்டிப் பொலன்னறுவையைக் கைப்பற்றியவன் முதலாம் விஜயபாகு. விரட்டியவன் சேவையிலும் இவர்கள் இருந்தார்கள்! போர் முடிந்ததும் தமிழ்ப்படையெல்லாம் கப்பலேறி ஊருக்குப் போய்விட்டது என்று நினைத்துக்கொள்வோம். அப்படி யாரும் போய்விடவில்லை.

விஜயபாகு ஒரு கட்டத்தில் சோழர்மேல் படையெடுக்க முடிவு செய்தான். சோழருடன் போரிட வேளைக்காரர் மறுத்துக் கலகம் செய்தார்கள், தளபதிகளைக் கொன்றார்கள், அரண்மனைக்குத் தீ வைத்தார்கள் என்கிறது சூளவம்சம். அரசன் திரும்பி வந்து கடுமையாக ஒடுக்கினான். நண்பன் உடனே, "பாத்தியா, தமிழன் தமிழனை அடிக்க மாட்டேன்னு சொல்லிருக்கான்" என்றான். எனக்கும் ஒரு நிமிடம் அப்படித்தான் ஆசையாக இருந்தது. ஆனால் கல்வெட்டே அதற்கு இடம் கொடுக்கவில்லை. படையின் பிரிவுகளை அது வரிசையாகச் சொல்கிறது: வலங்கை, இடங்கை, அப்புறம் வடுகர், மலையாளர். இன்றைய கணக்கில் தெலுங்கர்களும் மலையாளிகளும் அதில் உண்டு. இது கூலிப்படை. கூலிப்படைக்குத் தன் பழைய முதலாளியோடோ சொந்தக்காரனோடோ மோதத் தயக்கம் இருந்திருக்கலாம், சம்பளத் தகராறாகவும் இருந்திருக்கலாம். இனப்பற்று என்று நாம் வைத்திருக்கும் சொல்லை அங்கே கொண்டுபோய் ஒட்டினால் ஒட்டாது.

அதைவிட ஆச்சரியம் பின்னால் வருகிறது. விஜயபாகு எழுபத்துமூன்று வயது வாழ்ந்து, ஐம்பத்தைந்து ஆண்டு ஆண்டு, இறந்துபோகிறான். அவன் சேனாபதி கட்டிய புத்தப் பல் ஆலயத்தை இனி யார் காப்பது? முகலன் என்ற மகாதேரர் அழைக்க, வேளைக்காரர் கூடி ஒப்புக்கொள்கிறார்கள். ஆலயத்துக்குத் தங்கள் பெயரையே சூட்டுகிறார்கள்: மூன்றுகைத் திருவேளைக்காரன் தளதாய்ப் பெரும்பள்ளி. தன் உயிர் இருக்கும்வரை, அழிவு வந்தாலும், அதன் ஊர்களையும் சொத்தையும் அடைக்கலம் வந்தவர்களையும் காப்போம் என்கிறார்கள். சிங்கள அரசுரிமையின் அடையாளமே அந்தப் பல்தான். யார் கையில் பல்லோ அவன்தான் அரசன். அதைக் காக்கும் பொறுப்பு, ஒரு தலைமுறைக்கு முன் அரண்மனையைக் கொளுத்திய படையின் கையில்.

டீச்சர் கல்லின் எழுத்துகளைக் குனிந்து தேடிக்கொண்டிருந்தார். பாதி தேய்ந்துவிட்டது. 'ளதாய்' மட்டும் கிடைத்தது என்றார். அது அந்தச் சொல்தானா என்று எனக்கு உறுதியில்லை. அவர் முகத்தைப் பார்த்து வாயை மூடிக்கொண்டேன்.

அங்கிருந்து ஒரு கிளைச் சாலையில் திரும்பி, குரங்குகளுக்கு வழிவிட்டு, முழுக்கக் கல்லால் கட்டிய ஒரு சின்னச் சோழர் கோயிலுக்குப் போனோம். (இந்தக் குரங்குகளும் சாதாரணமானவை இல்லை. 1968லிருந்து ஆய்வாளர்கள் இவற்றைத் தலைமுறை தலைமுறையாகக் கவனித்துவருகிறார்கள். சினிமாவிலும் நடித்தாயிற்று.) தொல்லியல் துறை வைத்த பெயர் 'சிவ தேவாலயம் இல. 2'. கோயிலின் சொந்தப் பெயர் அதன் கல்வெட்டிலேயே இருக்கிறது: வானவன்மாதேவி ஈசுவரம். வானவன்மாதேவி ராஜேந்திரனின் தாய். நாவல் வாசித்தவர்களுக்குச் சொல்வதென்றால், வானதி. மயங்கி விழுந்துகொண்டிருந்த பெண்ணின் பெயரில் ஈழத்தின் தலைநகரில் ஒரு கோயில். தஞ்சாவூர்ப் பக்கம் எங்காவது ஆற்றங்கரையில் இருந்தால் திரும்பிக்கூடப் பார்க்க மாட்டோம், அவ்வளவு எளிமை. செங்கல்லில் எழுந்த எத்தனையோ மாளிகைகள் சுவராகவும் மேடாகவும் நிற்கும் ஊரில் இது விமானத்தோடு முழுசாக நிற்கிறது. லிங்கத்தின் மேல் யாரோ அன்று காலை வைத்த பூ இருந்தது. "சிங்கள ஆக்களும் வைப்பாங்க மல்லி, பிள்ளை வேணும் எண்டு" என்றார் வழிகாட்டி.

ரன்கொத் விகாரை, லங்காதிலகம், கல் விகாரையின் நான்கு பெரிய சிலைகள். கல் விகாரையில் நாங்கள் நிறைய நேரம் உட்கார்ந்திருந்தோம். சாய்ந்திருக்கும் புத்தரின் தலையணையில், தலை அழுந்திய இடத்தில் ஒரு மெல்லிய பள்ளம் செதுக்கியிருப்பார்கள். அதைப் பற்றி இதற்குமேல் எழுதுவது வீண், போய்ப் பாருங்கள்.

அதற்கு வடக்கே தாமரைக் குளத்துக்குப் போகிற வழியில், மரங்கள் மூடிய ஒரு குன்று. ரொம்பப் பேர் குன்று என்றே நினைத்துத் தாண்டிவிடுவார்கள். அது தெமள மகா சேயா. தெமள என்றால் தமிழ். தமிழ்ப் பெருந்தூபி.

நண்பன் முகம் மலர்ந்தது. "சோழர் கட்டினதா?"

இல்லை. சோழர் போய் நூறு வருடம் கழித்துக் கட்டியது, பராக்கிரமபாகு. 1160களின் கடைசியில் பாண்டிய நாட்டு வாரிசுச் சண்டையில் அவன் தலையிட்டான். லங்காபுரன் என்ற தளபதியின்கீழ் ஈழப்படை ராமேசுவரம் பக்கம் இறங்கி மதுரை வரை போனது. இதைத் தமிழ்நாட்டுப் பள்ளியில் யாராவது படித்திருக்கிறோமா? காஞ்சிபுரம் அருகே ஆர்ப்பாக்கத்தில் ஒரு கல்வெட்டு இருக்கிறது. ஈழப்படை வந்துவிடுமோ என்ற பயத்தில் ஒரு சிற்றரசன் ஒரு சைவப் பெரியவரிடம் ஓட, அவர் இருபத்தெட்டு நாள் பூஜை செய்தாராம். படை பின்வாங்கிய நன்றிக்கு அந்த ஊரையே அவருக்குக் கொடுத்திருக்கிறார்கள். கடல் கடந்து வருபவனைப் பற்றிய பயம் நம் பக்கமும் கல்லில் இருக்கிறது. முடிவு என்ன என்பதில் இந்தமுறை இரு தரப்பும் ஒத்துப்போகவில்லை. லங்காபுரன் வென்றான் என்கிறது சூளவம்சம். அவன் தலையை மதுரைக் கோட்டை வாசலில் ஆணியடித்தோம் என்கிறது பல்லவராயன்பேட்டைக் கல்வெட்டு.

நடுவில் பிடிபட்ட தமிழர்களைக் கப்பலேற்றி இங்கே கொண்டுவந்தார்கள். சிலரை அனுராதபுரத்தில், முன்பு தமிழர் இடித்தது என்று சொல்லப்பட்ட தூபியைச் செப்பனிட வைத்தார்கள். பாண்டிய நாட்டிலிருந்து வந்த தமிழர் கட்டியதால் இதற்குத் தமிழ்த் தூபி என்று பெயர் வந்தது என்று சூளவம்சமே சொல்கிறது. உலகிலேயே பெரிய தூபியாக இருக்க வேண்டும் என்று அரசன் நினைத்தான். முடியவில்லை. பாதியில் நின்ற குவிமாடத்தின் தட்டையான உச்சியில் பின்னால் ஒரு சின்னத் தூபி வைத்தார்கள்.

சைக்கிள்களைச் சாய்த்துவிட்டு மேலே ஏறினோம். வேர்கள் பிளந்த இடங்களில் செங்கல் தெரிந்தது. அகலமான, கனமான செங்கல். நண்பன் ஒன்றும் பேசவில்லை. வழிகாட்டி ஒரு கிளையைப் பிடித்து நின்றார். "சின்ன வயசில இது உங்கட ஆக்கள் கட்டினது எண்டு மட்டும் தெரியும். இவ்வளவு பெருசா நமக்கு ஏன் கட்டித் தந்தாங்க எண்டு யோசிப்பன். படிச்ச பிறகுதான் தெரிஞ்சது."

டீச்சர் ஒரு செங்கல்லில் கையை வைத்திருந்தார். "கூலி ஏதும் குடுத்திருப்பாங்களா அண்ணன்?"

"இல்ல டீச்சர்" என்றார் அவர்.

திவங்க சிலைமனையின் சுவரோவியங்களைப் பார்க்க இன்னும் வடக்கே போக வேண்டியிருந்தது. வெயில் ஏறிவிட்டது. ஒவ்வொருவராக இறங்கி சைக்கிளை எடுத்தோம்.