லவ் யூ டில் டியூஸ்டே (விளம்பரக் குறும்படம்)

லவ் யூ டில் டியூஸ்டே என்பது ஆங்கிலேயப் பாடகர் டேவிட் போவி புகழ்பெறுவதற்கு முன், அவரது திறமையைத் தொலைக்காட்சி, திரைப்படத் துறையினருக்கு எடுத்துக்காட்டும் நோக்கில் 1969ஆம் ஆண்டு தயாரிக்கப்பட்ட விளம்பரக் குறும்படமாகும். ஏறத்தாழ அரை மணி நேரம் ஓடும் இப்படம் 1984 வரை வெளியிடப்படவில்லை. எனினும், இதற்காக எழுதப்பட்ட ஒரு பாடலே போவியை உலகறியச் செய்தது.

பின்னணி

1947இல் இலண்டனின் பிரிக்ஸ்டன் பகுதியில் பிறந்த போவியின் முதல் இசைத்தட்டு 1964இல் வெளிவந்தது. அதுவும் அதைத் தொடர்ந்த தட்டுகளும் விற்பனையில் எடுபடவில்லை. டெரம் நிறுவனம் 1967இல் வெளியிட்ட முதல் தொகுப்பும் கவனம் பெறவில்லை. மறு ஆண்டே அந்நிறுவனத்துடனான தொடர்பு முடிந்தது. ஆயினும் மேலாளர் கென்னத் பிட் நம்பிக்கை இழக்கவில்லை. பாட்டு, நடிப்பு, ஊமைக்கூத்து ஆகிய மூன்றிலும் போவிக்கு இருந்த தேர்ச்சியைக் காட்டினால் வாய்ப்பு வரும் என எண்ணித் தம் சொந்தப் பணத்தைச் செலவிட்டுப் படமெடுக்க முன்வந்தார்.

படப்பிடிப்பு

மால்கம் தாம்சன் இயக்கிய இப்படம் 1969 சனவரி, பிப்ரவரி மாதங்களில் படமாக்கப்பட்டது. வேறொரு திரைப்பட வேடத்துக்காக முடி வெட்டப்பட்டிருந்ததால் போவி பொய்முடி அணிந்து நடித்தார். அவருடன் இசைக்குழுவில் இருந்த ஹெர்மயோனி ஃபார்திங்கேலும் ஜான் ஹட்சின்சனும் சில காட்சிகளில் தோன்றினர். போவியும் ஹெர்மயோனியும் காதலர்கள். படப்பிடிப்புக் காலத்தையொட்டி இருவரும் பிரிந்தனர்.

'முகமூடி' என்ற ஊமைக்கூத்துக் காட்சியும் இதில் உண்டு. முகமூடி அணிந்து புகழ்பெறும் கலைஞன் ஒருவன், இறுதியில் அதைக் கழற்ற இயலாமல் மேடையிலேயே மாண்டுபோவதே அதன் கதை.

புதிய பாடல்

பெரும்பாலும் பழைய பாடல்களே இடம்பெறவிருந்ததால், புதிய பாடல் ஒன்று வேண்டும் எனப் பிட் கேட்டார். 1968இல் வெளியான '2001: எ ஸ்பேஸ் ஒடிசி' திரைப்படத்தின் தாக்கத்தால் போவி எழுதியதே 'ஸ்பேஸ் ஆடிட்டி'. விண்வெளியில் தனித்து மிதக்கும் வீரனைப் பற்றிய இப்பாடலில், தரைக்கட்டுப்பாட்டு அலுவலர், விண்வெளி வீரர் என இரு வேடங்களிலும் அவரே நடித்தார்.

விளைவு

படத்தை வாங்க எவரும் முன்வரவில்லை. ஆனால் அதே பாடல் மீண்டும் ஒலிப்பதிவு செய்யப்பட்டு 1969 சூலை 11 அன்று, அப்பல்லோ 11 நிலவில் இறங்குவதற்கு ஒன்பது நாள் முன்னதாக வெளிவந்தது. அவ்வாண்டிலேயே பிரித்தானிய விற்பனைப் பட்டியலில் ஐந்தாம் இடத்தை அடைந்தது. 1975இல் மறுவெளியீடு கண்டபோது முதலிடம் பெற்றது.

பிட்டும் போவியும் 1970இல் பிரிந்தனர். போவி உலகப்புகழ் பெற்ற பின், 1984இல் இப்படம் ஒளிநாடாவாக வெளியானது. வாய்ப்புத் தேடித் தரும் என்று எடுக்கப்பட்ட படம் அதைத் தரவில்லை. அதன் இடத்தை நிரப்ப எழுதப்பட்ட பாடல் தந்தது.